மலையாள சினிமா கேரளத்தின் கண்ணாடி அல்ல

‘மஞ்ஞும்மல் பாய்ஸ்’ 2024-இல் தமிழ்நாட்டுத் திரையரங்குகளை நிறைத்த நாளிலிருந்து ஒரு கருத்து நம்மிடையே தடையில்லாமல் உலவி வருகிறது. பத்திரிகைப் பத்திகளில் அதுதான், யூடியூப் விமரிசனங்களில் அதுதான், டீக்கடைப் பேச்சிலும் அதுதான். மலையாளிகள் வாழ்க்கையை அப்படியே படமாக்குகிறார்கள். படித்த சமூகம், புத்தகம் வாசிக்கும் சமூகம், இடதுசாரி அரசியல் வேர்விட்ட சமூகம் என்பதால் அவர்களுடைய சினிமா அவர்களுடைய சமூகத்துக்குக் கண்ணாடியாக இருக்கிறது. அது அந்த மண்ணின் குணம், நமக்கு வாய்க்காது. இப்படிப் போகிறது அந்தக் கருத்து.

இதை நான் முழுமையாக மறுக்கிறேன். மலையாளப் படங்கள்மேல் பிரியம் குறைந்து மறுக்கவில்லை. அந்தப் படங்களை உண்டாக்கியவர்கள் கொடுத்த விலையை இந்தப் பாராட்டு மறைத்துவிடுகிறது என்பதால் மறுக்கிறேன். கேரளத்தில் யாருடைய முகம் திரையில் வரலாம், யார் கதை சொல்லலாம் என்பதற்காக நடந்த சண்டைதான் மலையாள சினிமாவின் வரலாறு. சமூகம் முன்னே போனபோது சினிமா பின்னே ஓடிய காலங்கள் அதில் உண்டு. இன்று நாம் கொண்டாடும் நல்ல படங்கள் பல, அந்தச் சண்டை திறந்துவிட்ட வழியில் வந்தவை.

முதல் சாட்சி மலையாளத்தின் முதல் படமே. ஜே.சி. டானியல் எடுத்த ‘விகதகுமாரன்’ என்ற மௌனப் படத்தில் சரோஜினி என்ற நாயர் பெண்ணாக நடித்தவர் பி.கே. ரோஸி. புலையர் சமூகத்தில் பிறந்தவர். புல் அறுத்துப் பிழைத்தவர். காக்காரிசி என்னும் நாட்டார் நாடகங்களில் நடித்தவர். திருவனந்தபுரம் கேப்பிடல் அரங்கில் படம் திரையிடப்பட்டபோது, ஒரு தலித் பெண் நாயர் பெண்ணாக நடிப்பதா என்று கொதித்த கூட்டம் திரைமீது கல்லெறிந்தது. ரோஸியின் வீடும் தாக்குதலுக்கு உள்ளானது. அவர் ஊரைவிட்டு ஓடி நாகர்கோவில் பக்கம் வந்து, ஒரு லாரி ஓட்டுநரை மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார். படத்தின் பிரதியும் இன்று இல்லை. டானியலும் கடனாளியாகி, நம் குமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்தில் கடைசிக் காலத்தைக் கழித்து 1975-இல் இறந்தார். கேரள அரசு தன் உயரிய திரைப்பட விருதுக்கு அவருடைய பெயரை வைத்தது அவர் இறந்து பல ஆண்டுகள் கழித்து, 1992-இல்தான்.

மலையாள மண்ணுக்கு யதார்த்தம் பிறவிக் குணம் என்பவர்கள் இந்தத் தொடக்கத்துக்குப் பதில் சொல்ல வேண்டும். வயலில் உழைத்த ஒரு பெண்ணின் முகத்தைத் திரையில் பார்க்கச் சகியாத கூட்டத்தின் முன்தான் அந்த சினிமா பிறந்தது.

அது பழைய கதை, பிறகு இடதுசாரி இயக்கம் வந்தது, எல்லாம் மாறியது என்பார்கள். மாறியது உண்மை. 1954-இல் ராமு காரியாட்டும் பி. பாஸ்கரனும் இயக்கி, உறூப் கதை எழுதிய ‘நீலக்குயில்’ தீண்டாமையை நேராகப் பேசியது. அதற்குக் குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் கிடைத்தது. அந்தக் காலத்துக்கு அது துணிச்சலான படம். அதை எடுத்தவர்களின் நேர்மையில் எனக்குச் சந்தேகம் கிடையாது. ஆனாலும் படத்தைக் கவனித்துப் பாருங்கள். தலித் பெண் நீலியை ஒரு நாயர் ஆசிரியர் காதலிக்கிறார், கர்ப்பமானதும் கைவிடுகிறார். அவள் குழந்தையைப் பெற்றுவிட்டு ரயில் பாதை அருகே செத்துக் கிடக்கிறாள். குழந்தையை ஒரு நாயர் தபால்காரர் எடுத்து வளர்க்கிறார். கடைசியில் ஆசிரியரின் மனசாட்சி விழிக்கிறது. நீலி சாவது மேல்சாதி ஆணின் மனமாற்றத்துக்காக. நீலியாக நடித்ததும் தலித் பெண் அல்ல, மிஸ் குமாரி. ரோஸியைத் துரத்தியபின் கால் நூற்றாண்டு கழித்து, ரோஸியின் சமூகத்தைப் பற்றிய கதை திரைக்கு வந்தது. அந்தச் சமூகத்துப் பெண் வரவில்லை. முற்போக்கு சினிமாவும் யாரை உள்ளே விடலாம் என்று தேர்ந்தெடுத்தே விட்டது.

அடுத்து, கல்வியைக் காரணமாகச் சொல்லும் வாதம். எழுத்தறிவு பெற்ற சமூகம், ஆகவே முதிர்ந்த சினிமா என்பது கேட்க அழகாக இருக்கிறது. தேதிகளை வைத்துப் பார்த்தால் நிற்காது. 1991 ஏப்ரல் 18 அன்று கோழிக்கோடு மானாஞ்சிறை மைதானத்தில் கேரளம் முழு எழுத்தறிவு பெற்றதாக அறிவிக்கப்பட்டது. அறிவித்தவர் சேலக்கோடன் ஆயிஷா. மலப்புரத்து இஸ்லாமியப் பெண், முதிய வயதில் எழுத்துக் கற்றவர். ஒரு சமூகம் பெருமைப்பட வேண்டிய நாள் அது.

அதற்குப் பின் வந்த பத்தாண்டில் மலையாள சினிமா எதைக் கொண்டாடியது? 1993-இல் ‘தேவாசுரம்’, 1997-இல் ‘ஆறாம் தம்புரான்’, 2000-இல் ‘நரசிம்மம்’, ‘வல்யேட்டன்’. மீசை முறுக்கும் தறவாட்டு (பழைய நிலவுடைமைக் கூட்டுக் குடும்பத்து) ஆண்மகன், அவன் காலடியில் ஊர், அவன் வாய்க்கு முன் வாயடைத்து நிற்கும் பெண்கள். ஒற்றப்பாலத்துக்கு அருகே உள்ள வரிக்காசேரி மனை என்ற பழைய நம்பூதிரி இல்லம் இந்தப் பெருமிதத்தின் அரண்மனையாகவே மாறியது. படத்துக்குப் படம் அதே படிக்கட்டு, அதே முற்றம். ‘ஆறாம் தம்புரான்’ கதாநாயகன் கோவிலகம் எனப்படும் பழைய அரச குடும்ப மாளிகையைத் தனதாக்கி, நின்றுபோன கோயில் திருவிழாவை மீட்டு, ஊருக்குத் தம்புரானாகிறான். அதே படத்தில், மலப்புரத்தில் வெடிகுண்டு எளிதில் கிடைக்கும் என்ற பொருளில் ஒரு வசனம் வருகிறது. ஆயிஷா மேடையேறி ஆறு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. ஆயிஷாவின் மலப்புரத்தை மலையாள சினிமா வெடிகுண்டு கிடைக்கும் ஊராகக் காட்டியது. சமூகம் ஒரு திசையில் நடந்தது, சினிமா நேர் எதிர்த் திசையில் நடந்தது. இதைக் கண்ணாடி என்று எப்படிச் சொல்வது?

நிலச்சீர்திருத்தத்தையும் இங்கே நினைக்க வேண்டும். 1970 ஜனவரி 1 முதல் கேரளத்தில் குத்தகை முறை சட்டப்படி ஒழிந்தது. தறவாடுகளின் முதுகெலும்பு முறிந்தது. அந்த முறிவை அடூர் கோபாலகிருஷ்ணன் 1981-இல் ‘எலிப்பத்தாய’த்தில் காட்டினார். உண்ணி என்ற தறவாட்டு ஆண் எதற்கும் நாற்காலியைவிட்டு எழுவதில்லை. வளாகத்துக்குள் மாடு நுழைந்தால் அதை விரட்டக்கூட அக்காள் தங்கைகளைக் கூப்பிட வேண்டும். தங்கை ராஜம்மா அவனுக்குச் சமைத்து, துவைத்து, ஓடி ஓடி நோயில் விழுகிறாள். உழைக்காத ஆண் பொறியில் சிக்கிய எலியாகிறான் என்று அந்தப் படம் தீர்ப்பே எழுதிவிட்டது. பன்னிரண்டு ஆண்டுகளில் அந்த உண்ணியை ‘தேவாசுரம்’ மங்கலசேரி நீலகண்டனாக்கி, வாளும் வேட்டியும் கொடுத்து நாயகனாக்கிவிட்டது. நிலத்தை இழந்த வர்க்கம், இழந்ததைத் திரையில் திரும்ப வாங்கிக்கொண்டது. அரங்கில் கைதட்டியவர்களில் நிலம் கிடைத்த குடியானவர்களின் பிள்ளைகளும் இருந்தார்கள் என்பதுதான் வேதனை.

பழங்குடி மக்களின் நிலை இதைவிட மோசம். 2001-இல் சி.கே. ஜானு தலைமையில் ஆதிவாசிகள் திருவனந்தபுரம் தலைமைச் செயலகத்தின் முன் குடிசை கட்டி, வாரக்கணக்கில் நிலம் கேட்டு உட்கார்ந்தார்கள். 2003 பிப்ரவரியில் வயநாட்டு முத்தங்காவில் அவர்கள்மேல் துப்பாக்கிச் சூடு நடந்தது. இந்த இரண்டுக்கும் நடுவே, 2002-இல், மலையாள வணிக சினிமா எடுத்த ஆதிவாசிப் படம் ‘பேம்பூ பாய்ஸ்’. நகரத்தைக் கண்டு மிரளும், நாகரிகம் தெரியாத கோமாளிகளாக ஆதிவாசிகளை வைத்துச் சிரிக்கச் சொன்ன படம். அதில் நடித்தவர்களில் ஒருவர் கலாபவன் மணி. வறுமையிலிருந்து வந்த தலித் கலைஞர், அபாரமான நடிகர். அவரையே அந்தச் சிரிப்புக்குக் கருவியாக்கினார்கள். அரசின் வாசலில் குடிசை போட்டிருந்த மக்களை அந்தச் சினிமா பார்க்கவில்லை, பார்க்க விரும்பவில்லை.

தமிழ்நாட்டில் நாமும் மறந்துவிட்ட ஒன்றைச் சொல்கிறேன். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் நம் ஊர்ச் சுவர்களில் ‘மலையாளப் படம்’ என்றால் என்ன பொருள் என்று நாற்பது வயது கடந்த எவரும் அறிவார். காலைக் காட்சிக்கு முகத்தை மறைத்துக்கொண்டு போகும் படம். அன்று அது மலையாளிகளின் குணம் என்று சொன்ன அதே வாய், இன்று யதார்த்தம் அவர்களின் குணம் என்கிறது. அன்று சொன்னது அவதூறு. இன்று சொல்வது புகழ்ச்சி. இரண்டுமே ஒரு மக்கள் கூட்டத்தை அறியாமல், அதன்மேல் ஒரு குணத்தை ஒட்டும் வேலை.

அப்படியானால் நல்ல படங்கள் எங்கிருந்து வந்தன? மண்ணிலிருந்து தானாக முளைக்கவில்லை. ஆட்கள் உழைத்து, அமைப்புகள் கட்டி, இருந்தவர்களோடு மோதி வரவழைத்தார்கள். 1965-இல் அடூரும் நண்பர்களும் சித்ரலேகா திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார்கள். அதைத் தொடர்ந்து சிற்றூர்வரை திரைப்படச் சங்கங்கள் பரவி, உலக சினிமாவைப் பெட்டியில் சுமந்துகொண்டு போயின. மாநில அரசு 1975-இல் திரைப்பட வளர்ச்சிக் கழகம் அமைத்தது. இயக்குநர் ஜான் ஆபிரகாமும் தோழர்களும் ஒடேசா என்ற குழுவை உண்டாக்கி, ஊர் ஊராக மக்களிடம் காசு திரட்டி, 1986-இல் ‘அம்ம அறியான்’ எடுத்தார்கள். எந்தத் தயாரிப்பாளர் கையையும் எதிர்பார்க்காத படம் அது. கே.ஜி. ஜார்ஜ் 1984-இல் எடுத்த ‘ஆதாமின்டெ வாரியெல்லு’ படத்தின் கடைசிக் காட்சியைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். மறுவாழ்வு இல்லத்தில் அடைபட்ட பெண்கள் கதவை உடைத்துக்கொண்டு வெளியே ஓடி வருகிறார்கள். எதிரே படம்பிடித்துக்கொண்டிருக்கும் கேமராவையும், நின்றுகொண்டிருக்கும் இயக்குநரையும் தள்ளிவிட்டு ஓடிப்போகிறார்கள். தன் கேமராவுக்குள் அந்தப் பெண்கள் அடங்க மாட்டார்கள் என்று ஓர் இயக்குநரே ஒப்புக்கொண்ட காட்சி.

பெண்கள் விஷயத்தில் அந்தக் கேமரா உண்மையிலேயே தள்ளப்பட 2017-ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது. அந்த ஆண்டு பிப்ரவரியில் ஒரு முன்னணி நடிகை காரில் கடத்தப்பட்டுத் தாக்கப்பட்டார். அதன்பின் பெண் கலைஞர்கள் கூடி ‘விமன் இன் சினிமா கலெக்டிவ்’ என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். அவர்கள் கேட்டதால் அரசு நீதிபதி ஹேமா தலைமையில் குழு அமைத்தது. குழு 2019 டிசம்பர் 31 அன்று அறிக்கை கொடுத்தது. அது வெளியே வந்தது 2024 ஆகஸ்ட் 19 அன்று, அதுவும் பல பக்கங்கள் நீக்கப்பட்டு. நான்கரை ஆண்டு அலமாரியில் கிடந்த அந்த அறிக்கை சொன்னது என்ன? படப்பிடிப்புத் தளங்களில் பெண்களுக்குக் கழிப்பறை இல்லை, உடை மாற்ற இடம் இல்லை. சிறுநீரை அடக்க வேண்டுமே என்று நாள் முழுக்கத் தண்ணீர் குடிக்காமல் இருக்கிறார்கள். வாய்ப்புக்கு விலையாக உடலைக் கேட்கிறார்கள். தொழிலையே ஒரு சிறு ஆண் கூட்டம் கையில் வைத்திருக்கிறது. சுகாதாரத்தில் இந்தியாவுக்கே முன்னோடி என்று பெயரெடுத்த மாநிலத்தின் சினிமாத் தளத்தில் கழிப்பறை இல்லை.

ஹேமா குழுவின் மூன்று உறுப்பினர்களில் ஒருவர் நடிகை சாரதா. ‘எலிப்பத்தாய’த்தில் அண்ணனுக்கு உழைத்து உழைத்து விழுந்த ராஜம்மாவாக நடித்தவர். பெண்கள் அமைப்பின் முன்வரிசையில் நின்றவர் ரேவதி. ‘தேவாசுர’த்தில் நீலகண்டன் வலுக்கட்டாயமாக ஆடவைத்து அவமதித்த பானுமதியாக நடித்தவர், கதைப்படி அவள் பிற்பாடு அவனுக்கே பணிவிடை செய்து அவனையே காதலிக்க வேண்டியிருந்தது. திரை கொடுத்த வேடத்தை அவர்கள் நடித்துத் தந்தார்கள். வாழ்க்கையில் வேறு நியாயம் கேட்டார்கள். மாற்றம் திரையிலிருந்து வரவில்லை; திரைக்கு வெளியே நின்று கேட்ட இந்தப் பெண்களிடமிருந்து வந்தது.

இப்போது ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ படத்துக்கு வருவோம். மலையாள சினிமாவே கண்ணாடி என்பதற்கு எல்லோரும் காட்டும் உதாரணம் அதுதான். மாமனார் எழுந்ததும் பல் துலக்கும் பிரஷ் கைக்கு வரவேண்டும். சோறு குக்கரில் கூடாது, விறகடுப்பில் வேகவேண்டும். சட்னி மிக்ஸியில் கூடாது, அம்மியில் அரைக்க வேண்டும். வேட்டி சட்டை வாஷிங் மெஷினில் கூடாது, கையால் துவைக்க வேண்டும். ஆண்கள் மென்று துப்பிய முருங்கைச் சக்கையும் எலும்பும் சாப்பாட்டு மேசைமேலேயே கிடக்கும். கழுவுதொட்டியின் குழாய் ஒழுகுகிறது. பிளம்பரைக் கூப்பிடுங்கள் என்று அவள் திரும்பத் திரும்பச் சொல்கிறாள், கணவன் மறந்துபோகிறான். அந்தக் கணவன் பள்ளியில் குடும்பம் என்ற அமைப்பைப் பற்றிப் பாடம் நடத்துகிற ஆசிரியர். ஜியோ பேபி எடுத்த இந்தப் படம் 2021 ஜனவரியில் வந்தது. எங்கே வந்தது? பெரிய ஓடிடி நிறுவனங்கள் வேண்டாம் என்று ஒதுக்கியபின், நீஸ்ட்ரீம் என்ற சிறிய தளத்தில். மக்கள் பார்த்துப் பேசத் தொடங்கிய பிறகே பெரிய நிறுவனம் கதவைத் திறந்தது. சபரிமலையில் எல்லா வயதுப் பெண்களும் நுழையலாம் என்ற தீர்ப்புக்குப் பிறகு கேரளத்து வீடுகளுக்குள் நடந்த சண்டை இல்லாமல் அந்தப் படம் இல்லை. ஹேமா அறிக்கை அலமாரியில் பூட்டிக் கிடந்த ஆண்டுகளில்தான் அந்தப் படம் வந்தது என்பதையும் சேர்த்துச் சொல்லாமல் அதை மண்ணின் குணத்துக்குச் சான்றாகக் காட்டுவது நியாயம் ஆகாது.

மற்றப் படங்களும் இப்படித்தான். எர்ணாகுளம் நகரம் வளர வளர நிலத்தை இழந்த தலித் மக்களின் கதையை ராஜீவ் ரவியின் ‘கம்மட்டிப்பாடம்’ 2016-இல் சொன்னது. அதில் கங்காவாக நடித்த விநாயகனுக்கு மாநிலத்தின் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. அணிக்கு ஏழு பேர் ஆடும் மலப்புரத்துச் செவன்ஸ் கால்பந்தையும், ஒரு நைஜீரிய ஆட்டக்காரனைத் தன் பிள்ளையாகப் பார்த்துக்கொள்ளும் உம்மாக்களையும் ஸக்கரியா 2018-இல் ‘சுடானி ஃப்ரம் நைஜீரியா’வில் காட்டினார். மலப்புரத்துக்காரர் ஒருவர் கேமராவுக்குப் பின்னே வந்தபோதுதான், வெடிகுண்டு ஊர் என்று பேசப்பட்ட இடத்தில் அம்மாக்களின் சமையலறை தெரிந்தது. 2019-இல் ‘கும்பளங்கி நைட்ஸ்’, குடும்பத்தைக் கட்டிக்காக்கும் கண்டிப்பான ஆணை, தொண்ணூறுகளில் நாயகனாக இருந்திருக்கக்கூடிய அந்த ஷம்மியை, வில்லனாக்கிக் காட்டியது. கேரளத்துக்குத் திடீரென்று புதுக் குணம் வந்துவிடவில்லை. யார் எழுதுகிறார்கள், யார் எடுக்கிறார்கள் என்பது மாறியது.

அந்த மாற்றத்துக்கு எதிர்ப்பும் நின்றுவிடவில்லை. 2025 ஆகஸ்டில் திருவனந்தபுரத்தில் நடந்த திரைப்படக் கொள்கை மாநாட்டில், தலித், பழங்குடி இயக்குநர்களுக்கும் பெண் இயக்குநர்களுக்கும் அரசு தரும் 1.5 கோடி ரூபாயைக் குறைத்துப் பிரித்துக் கொடுக்க வேண்டும், அவர்களுக்கு முன்பயிற்சி வேண்டும் என்ற பொருளில் பேசியவர் வேறு யாருமல்ல, அடூர் கோபாலகிருஷ்ணன். பாடகி புஷ்பவதி அரங்கிலேயே எழுந்து எதிர்த்தார். ‘எலிப்பத்தாயம்’ எடுத்த கையின்மேல் எனக்கு உள்ள மரியாதை பெரிது. அந்த மரியாதையோடே சொல்கிறேன்: அன்று எழுந்து நின்ற புஷ்பவதியின் பக்கம்தான் மலையாள சினிமாவின் எதிர்காலம் இருக்கிறது.

இரண்டு ஆட்சேபங்கள் வரும். கலையைச் சாதிக் கணக்கெடுப்பாக்குகிறீர்கள் என்பது ஒன்று. கணக்கை நான் தொடங்கவில்லை. ஒரு சினிமா தன் சமூகத்தை அப்படியே காட்டுகிறது என்று சொல்பவர்கள்தான், அந்தச் சமூகத்தில் யார் யார் காட்டப்பட்டார்கள் என்ற கேள்விக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர்கள். ‘எலிப்பத்தாயம்’ மகத்தான கலை. அது கேரளம் முழுவதும் அல்ல. எந்தப் படமும் அப்படி இருக்கத் தேவையில்லை. ஆனால் ஐம்பது ஆண்டுப் படங்களைச் சேர்த்து வைத்தாலும் ஆதிவாசியும் தலித் பெண்ணும் தங்கள் சொந்தக் குரலில் அபூர்வமாகத்தான் பேசினார்கள் என்றால், அது தற்செயல் ஆகாது.

என்ன இருந்தாலும் நம்மைவிட அவர்கள் மேல்தானே என்பது இரண்டாவது. பல ஆண்டுகளில் ஆம். அதற்குக் காரணங்கள் உண்டு: திரைப்படச் சங்கங்கள், அரசு நிதி, இலக்கியத்தோடு நெருக்கம், சிறு முதலீட்டில் படமெடுக்கும் துணிவு, தொழிலுக்குள்ளேயே நின்று போராடும் பெண்கள். இவை எல்லாம் உண்டாக்கக்கூடியவை. மண்ணின் குணம் என்று சொல்லிவிட்டால் உண்டாக்க வேண்டிய பொறுப்பு நமக்கு இல்லாமல் போகிறது. அந்தக் கருத்து தமிழ்நாட்டில் இவ்வளவு பிரியமாகப் பேசப்படுவதற்கு இதுவே காரணம் என்று நினைக்கிறேன். அடுத்தவன் வீட்டுப் புகழைப் பாடிவிட்டு நம் வீட்டு வேலையைத் தள்ளிப்போட அது வசதியாக இருக்கிறது.

அங்கே போராடுபவர்களுக்கும் அந்தப் புகழ்ச்சி தீங்குதான் செய்கிறது. நீங்கள்தான் முன்னேறிவிட்டீர்களே, இன்னும் என்ன குறை என்று ஒரு பெண் கலைஞரையோ தலித் இயக்குநரையோ வாயடைக்க அதைவிட நல்ல ஆயுதம் கிடையாது. ரோஸி பெயரில் பெண் கலைஞர்கள் 2019-இல் திரைப்படச் சங்கம் தொடங்கினார்கள். சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்துகிறது. மலையாள சினிமாவோடு தமிழர்களுக்கு இருக்க வேண்டிய உறவு இந்த வகையானது. அடுத்த நல்ல மலையாளப் படம் வரும்போது பாராட்டுங்கள், கூட்டமாகப் போய்ப் பாருங்கள். கூடவே அந்தப் படத்தை எடுக்க யார் யாரோடு மோத வேண்டியிருந்தது என்று கேளுங்கள். அதே கேள்வியை நம் கோடம்பாக்கத்தின் படப்பிடிப்புத் தளத்தில் நின்றும் கேளுங்கள்: இங்கே பெண்களுக்குக் கழிப்பறை இருக்கிறதா?